மிக்கா சலோவும் 1999-இன் 10 புள்ளிகளும்

பின்லாந்தில் ஃபார்முலா 1 பார்க்கிறவர்களுக்கு ஓஸ்கரி சாரியும் மிக்கா சலோவும் சேர்ந்தே ஞாபகத்துக்கு வருவார்கள். சாரி வர்ணனையாளராக இருந்தவர். பேச்சில் வேகம், குரலில் ஏற்ற இறக்கம். சலோ பக்கத்தில் உட்கார்ந்து விளக்கம் சொன்ன நிபுணர், முன்னாள் ஓட்டுநர். சாரி மூச்சு வாங்கும் இடைவெளியில் தாழ்ந்த குரலில் இரண்டு வாக்கியம் சொல்வார், அப்புறம் அமைதியாகிவிடுவார். நான் தம்பெரெவுக்கு வேலைக்கு வந்த புதிதில் டிவியில் முதலில் எனக்குப் புரிந்த பின்னிஷ், சலோ பேசிய பின்னிஷ்தான். குறைவாகப் பேசுவார், நிதானமாகப் பேசுவார். பேச்சு டயர், பிரேக், எரிபொருள் இந்த மூன்றைத் தாண்டாது என்பதும் காரணம்.

இங்கே என்னோடு வேலை பார்க்கும் இளைஞர்களுக்கு அவர் டிவிக்காரர். அவரும் ஓட்டியவர் என்று தெரிந்தவர்கள்கூட ஒரே ஒரு விஷயத்தைத்தான் சொல்வார்கள்: ஃபெராரியில் ஜெயித்திருக்க வேண்டிய பந்தயத்தை இன்னொருவருக்கு விட்டுக்கொடுத்தவர். அவ்வளவுதான், ஒரு வரியில் ஆள் முடிந்துவிட்டார். எனக்கு இது பல வருடமாக உறுத்திக்கொண்டிருக்கிறது. அந்த ஒரு வரியில் கணக்கு தப்பு, மனிதரும் தப்பாக இருக்கிறார். அதனால்தான் இந்தப் பதிவு.

சலோ 1966 நவம்பர் 30 அன்று ஹெல்சிங்கியில் பிறந்தவர். பக்கத்து ஊரான வன்டாவில் இரண்டு வருடம் கழித்துப் பிறந்தவர் மிக்கா ஹாக்கினென். இருவரும் கார்ட் பந்தயத்தில் வளர்ந்தவர்கள், ஒரே பெயர், ஒரே கனவு. 1990-இல் பிரிட்டிஷ் ஃபார்முலா 3 தொடரில் நேருக்கு நேர் மோதினார்கள். ஹாக்கினென் சாம்பியன், சலோ இரண்டாம் இடம். அதற்கடுத்த வருடமே ஹாக்கினென் லோட்டஸ் அணியில் ஃபார்முலா 1-க்குப் போய்விட்டார்.

சலோ போகவில்லை. லண்டனில் குடித்துவிட்டுக் கார் ஓட்டிப் பிடிபட்டு, பிரிட்டனில் மேலே போகிற வழியைத் தானே அடைத்துக்கொண்டார். இதை மறைத்துவிட்டு அவர் வரலாற்றை எழுத முடியாது. ஜப்பானுக்குப் போய் அங்கே ஃபார்முலா 1-க்கு ஒரு படி கீழான ஃபார்முலா 3000 ஓட்டினார், நான்கு பருவம். பெரிய வெற்றி என்று சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அதே சமயத்தில் ஜப்பானில் ஓட்டிக்கொண்டிருந்த வடக்கு அயர்லாந்துக்காரர் எட்டி இர்வைன் அங்கே அவருக்கு நண்பரானார். இந்தப் பெயரை நினைவில் வையுங்கள்.

1994 நவம்பரில் சுசூகாவில் லோட்டஸ் அணிக்கு ஓர் ஓட்டுநர் தேவைப்பட்டார். அணி கடனில் மூழ்கிக்கொண்டிருந்தது. சுசூகாவை நன்றாக அறிந்த சலோவுக்கு அழைப்பு வந்தது. அன்று கொட்டிய மழையில் பந்தயத்தை இடையில் நிறுத்தி மறுபடி தொடங்கினார்கள். கார் மேல் கார் சறுக்கிக்கொண்டிருந்த நாளில் புதியவர் 10-ஆவதாக முடித்தார். அடுத்த பருவம் தொடங்கும் முன் லோட்டஸ் அணியே மூடிவிட்டது. அவருக்கு டிரெல் அணியில் இடம் கிடைத்தது, காரின் மேல் நோக்கியா விளம்பரத்தோடு.

டிரெல் என்றால் ஒரு காலத்தில் ஜாக்கி ஸ்டூவர்ட்டை உலக சாம்பியனாக்கிய அணி. சலோ போய்ச் சேர்ந்தபோது பணமில்லாத அணி. 1995-இன் முதல் பந்தயம் பிரேசிலில். அந்தக் காரை வைத்துக்கொண்டு மூன்றாம் இடத்தில் போய்க்கொண்டிருந்தார். கையில் தசை பிடித்துக்கொண்டு கார் சுழன்றது, கடைசியில் 7-ஆவது. அந்தக் காலத்தில் முதல் ஆறு பேருக்கு மட்டுமே புள்ளி. 1996 மொனாக்கோவில் கொடிவரை ஓடியவை மூன்றே மூன்று கார்கள் என்பது பலருக்குத் தெரியும். கடைசிக் கட்டத்தில் இர்வைன், சலோ, ஹாக்கினென் மூவரும் ஒரே விபத்தில் சிக்கி நின்றார்கள் என்பதைத்தான் யாரும் சொல்வதில்லை. ஜப்பான் நண்பரும் சிறுவயது எதிரியும் அவரும், மூவரும் ஒரே இடத்தில்! சலோவுக்கு 5-ஆம் இடம் கணக்கில் வந்தது.

ஆனால் அவர் ஓட்டிய பந்தயங்களில் ஒன்றே ஒன்றைத்தான் பார்க்கலாம் என்றால் நான் காட்டுவது 1997 மொனாக்கோ. அன்றும் மழை. 78 சுற்று ஓட வேண்டிய பந்தயம், இரண்டு மணி நேர வரம்பு வந்துவிட்டதால் 62 சுற்றில் முடிந்தது. மழையில் எல்லோரும் மெதுவாகப் போனால் எரிபொருள் குறைவாகச் செலவாகும். டிரெல் அணி அதைக் கணக்குப் போட்டு, சலோவை உள்ளே கூப்பிடவே இல்லை. ஆரம்பத்திலேயே மோதலில் முன் இறக்கை சேதமாகிவிட்டது. அதை மாற்றக்கூட அவர் நிற்கவில்லை. மற்றவர்கள் நின்று, எரிபொருள் நிரப்பி, டயர் மாற்றிக்கொண்டு போக, இவர் ஒரே டயரில், உடைந்த இறக்கையோடு, ஈரத் தெருவில், இரண்டு பக்கமும் இரும்புத் தடுப்பு நெருக்க, ஒரு தடவைகூட நிற்காமல் 62 சுற்றையும் முடித்தார். ஃபிசிகெல்லா பின்னால் வந்தும் தாண்ட முடியவில்லை. 5-ஆம் இடம், 2 புள்ளி. டிரெல் அணி தன் வாழ்நாளில் எடுத்த கடைசிப் புள்ளிகள் அவைதான்.

எனக்கு அடுத்த வீட்டில் ஒரு பெரியவர் இருக்கிறார். டயர் ஆலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஹாக்கினென் ரசிகர், அதுவும் மூர்க்கமான ரசிகர். அவரிடம் சலோ பற்றி எடுத்தால் முதலில் உதட்டைப் பிதுக்குவார். 1997 மொனாக்கோ என்று சொன்னால் மட்டும் காபிக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, ஈரம் காய்ந்துகொண்டு வரும்போது மழை டயரின் கட்டைகள் எப்படிச் சூடாகிப் பிய்ந்துகொண்டு போகும் என்று கையை வைத்துக் காட்டுவார். ஒரு டயர்க்காரர் டயருக்காக மரியாதை கொடுத்தால் அது உண்மையான மரியாதை.

1998-இல் ஆரோஸ் அணி. மறுபடி மொனாக்கோ, 4-ஆம் இடம். இந்த ஆளுக்கும் அந்தத் தெருக்களுக்கும் ஏதோ இருக்கிறது. 1999 தொடங்கும்போது அவருக்கு எந்த அணியிலும் இடமில்லை. டிரெலை விலைக்கு வாங்கிய பிஏஆர் அணியில் ரிக்கார்டோ சோன்டா காயம்பட, மூன்று பந்தயத்துக்கு மாற்று ஆளாகப் போனார். அது முடிந்ததும் மறுபடி வீடு.

ஜூலை 11, சில்வர்ஸ்டோன். மைக்கேல் ஷூமாக்கரின் காரில் பின் பிரேக் போய், ஸ்டோ வளைவில் டயர்ச் சுவரில் நேராக மோதி, வலது கால் உடைந்தது. ஃபெராரி 1979-க்குப் பிறகு ஓட்டுநர் பட்டம் பார்க்காத அணி, அணிப் பட்டம் கடைசியாக எடுத்தது 1983-இல். இத்தாலி முழுக்கக் காத்திருந்த வருடம் அது. அந்த இருக்கையில் இரண்டே வாரத்தில் யாரை உட்கார வைப்பது? சலோவைக் கூப்பிட்டார்கள்.

இப்போது இர்வைன் முதல் ஓட்டுநர், சலோ துணை. முதல் பந்தயம் ஆஸ்திரியா. சலோ முன்னால் போன காரில் இடித்து முன் இறக்கையை இழந்து 9-ஆவதாக வந்தார். இர்வைன் ஜெயித்தார். அடுத்தது ஆகஸ்ட் 1, ஹாக்கன்ஹைம். காட்டுக்குள் நீள நீளமான நேர் சாலைகள் இருந்த பழைய ஹாக்கன்ஹைம், இப்போதைய குட்டிப் பாதை அல்ல. தகுதிச் சுற்றில் இர்வைனை விட வேகமாக ஓட்டி நான்காவதாக நின்றார் சலோ. பந்தயம் தொடங்கியதும் இரண்டாம் இடத்துக்கு வந்துவிட்டார். முன்னால் மெக்லாரன் அணியின் ஹாக்கினென் மட்டும்தான். ஹாக்கினெனுக்கு எரிபொருள் நிரப்புமிடத்தில் கோளாறு. அதில் இழந்த நேரத்தைப் பிடிக்கப் போன வேகத்தில், மைதானப் பகுதிக்குள் நுழையும் முன் பின் டயர் வெடித்து, கார் சுழன்று தடுப்பில் மோதியது. சலோவுக்கு முன்னால் யாரும் இல்லை. வாழ்க்கையில் முதல் முறையாக, ஃபெராரியில், ஒரு கிராண்ட் பிரீயில் முதலிடம்.

இர்வைனை முன்னால் விடச் சொல்லி அணியிடமிருந்து உத்தரவு வந்தது. சலோ வழி விட்டார். இர்வைன் முதல், சலோ இரண்டாவது, இடைவெளி ஒரு விநாடி அளவு. மேடையிலிருந்து இறங்கிய இர்வைன் வெற்றிக் கோப்பையை சலோவிடமே கொடுத்துவிட்டார். சலோ கையில் அந்தக் கோப்பை இருக்கிறது, பட்டியலில் அந்த வெற்றி இல்லை. சுமார் 110 பந்தயம் ஓடிய மனிதரின் பெயருக்கு எதிரே வெற்றிகள் என்ற இடத்தில் 0 என்றுதான் இன்றும் இருக்கும்.

இங்கேதான் எல்லோரும் கதையை நிறுத்துகிறார்கள். நான் நிறுத்த மாட்டேன், ஏனென்றால் பருவம் முடியவில்லை. ஹங்கேரியில் சலோ மோசமாக ஓட்டினார், 12-ஆவது. பெல்ஜியத்தில் 7-ஆவது, புள்ளி இல்லை. செப்டம்பரில் மோன்சா, ஃபெராரியின் வீட்டு வாசல். முன்னிலையில் போன ஹாக்கினென் தவறான கியரைப் போட்டு மணலில் சிக்கி, புதருக்குப் பின்னால் போய் அழுதது எல்லா டிவியிலும் வந்தது. இர்வைன் அன்று 6-ஆவது. மேடையில் ஏறிய ஒரே ஃபெராரிக்காரர் மூன்றாம் இடம் பிடித்த சலோ. அந்த சிவப்புக் கூட்டம் அன்று கொண்டாட வேறு யாருமே இல்லை.

ஹாக்கன்ஹைமில் 6, மோன்சாவில் 4. மொத்தம் 10 புள்ளி. இனி பருவத்தின் இறுதிக் கணக்கைப் பாருங்கள். அணிகளில் ஃபெராரி 128, மெக்லாரன் 124. ஃபெராரியின் 128-இல் இர்வைனுடையது 74, ஷூமாக்கருடையது 44. இரண்டையும் கூட்டினால் 118. மெக்லாரனைவிட 6 புள்ளி குறைவு. மீதி 10 சலோவுடையது. 16 வருடம் கழித்து ஃபெராரிக்கு அணிப் பட்டம் வந்ததில், வேலையில்லாமல் வீட்டில் இருந்த ஒரு பின்லாந்துக்காரரின் ஆறு பந்தயம் இல்லாவிட்டால் கூட்டல் நிறைவாகாது. ஷூமாக்கர் காலத்து ஃபெராரியின் தொடர் வெற்றிகள் எல்லாம் எண்ணத் தொடங்குவது இந்தப் பட்டத்திலிருந்துதான்.

ஓட்டுநர் பட்டம்? ஹாக்கினென் 76, இர்வைன் 74. சலோ விட்டுக்கொடுத்ததும் இர்வைனுக்குப் போதவில்லை. பின்லாந்தில் இதைப் பேசும்போது ஒரு குழப்பமான மௌனம் வரும். நம்ம ஊர்க்காரர் ஹாக்கினென் சாம்பியனாகாமல் இருக்க நம்ம ஊர்க்காரர் சலோவே உழைத்தார் அல்லவா? பக்கத்து வீட்டுப் பெரியவர் அந்த ஆகஸ்ட் பிற்பகலில் டிவியை அணைத்துவிட்டு சவுனாவுக்கு, அதாவது வீட்டு நீராவிக் குளியலறைக்கு, விறகு பிளக்கப் போய்விட்டாராம். டயர் வெடித்ததற்கா, சலோ வழி விட்டதற்கா என்று கேட்டால் இன்றும் பதில் சொல்ல மாட்டார். என் நிலைப்பாடு தெளிவு. சம்பளம் கொடுத்து, வேலை இன்னதென்று சொல்லி உட்கார வைத்தார்கள். அந்த வேலையை முழுசாகச் செய்தார். ஜப்பானில் கஷ்டப்பட்ட நாட்களிலிருந்து கூட இருந்த நண்பனுக்காகவும் செய்தார். இதில் வெட்கப்பட ஒன்றுமே இல்லை.

2000-இல் சாவ்பர் அணியில் 6 புள்ளி எடுத்தார். அந்தப் பருவம் முடிந்ததும், புதிதாக அணி தொடங்கிய டொயோட்டாவுக்குப் போனார். அவர் காலி செய்த இடத்துக்கு சாவ்பர் எடுத்தது, கார் பந்தய அனுபவம் விரல் விட்டு எண்ணும் அளவே இருந்த ஒரு பையனை: கிமி ரைக்கோனென். பிற்காலத்தில் டிவியில் சலோ ரைக்கோனென் பற்றிப் பேசும்போதெல்லாம் எனக்கு இது ஞாபகத்துக்கு வரும்.

டொயோட்டா 2002-இல் மெல்போர்னில் முதல் பந்தயத்தில் இறங்கியது. முதல் நாளிலேயே சலோ 6-ஆவதாக வந்து ஒரு புள்ளி கொடுத்தார். மினார்டியில் வந்த மார்க் வெப்பரைத் துரத்தும்போது கடைசியில் சுழலாமல் இருந்திருந்தால் இரண்டு புள்ளி. பிரேசிலில் இன்னொரு 6-ஆம் இடம். அந்த வருட முடிவில் அவரை விட்டுவிட்டார்கள். ஃபார்முலா 1 முடிந்தது, 33 புள்ளி.

அப்புறம் அவர் செய்தது பலருக்குத் தெரியாது. மசெராட்டியின் எம்சி12 கார் பந்தயத்துக்கு வந்த 2004-இல், அதன் முதல் வெற்றியை ஓஷர்ஸ்லெபனில் ஆண்ட்ரியா பெர்டோலினியோடு சேர்ந்து எடுத்தார். அமெரிக்காவில் ரிசி அணியின் ஃபெராரியில் ஜெய்மே மெலோவோடு 2007-இல் ஜிடி2 என்ற ஸ்போர்ட்ஸ் கார் பிரிவில் பட்டம். லெ மான் 24 மணி நேரப் பந்தயத்தில் 2008, 2009 இரண்டு வருடமும் தன் பிரிவில் முதலிடம். 2014-இல், 47 வயதில், ஆஸ்திரேலியாவின் பாதர்ஸ்ட் 12 மணி நேரப் பந்தயத்தில் வெற்றி. இந்த வெற்றிகள் எல்லாம் இரண்டு முதல் நான்கு பேர் வரை ஒரே காரை மாற்றி மாற்றி ஓட்டி எடுப்பவை. காரைக் கெடுக்காமல் அடுத்தவரிடம் ஒப்படைக்க வேண்டும். மொனாக்கோவில் 62 சுற்று நிற்காமல் ஓட்டியவருக்கு இது ஒத்து வந்ததில் ஆச்சரியமில்லை.

டிவியில் அவரை நான் மதிப்பதும் இதற்குச் சமமான ஒன்றுக்காகத்தான். முன்னாள் வீரர்கள் பலர் மைக் கிடைத்ததும் தன் கதையைத் தொடங்கிவிடுவார்கள். எந்த விளையாட்டானாலும், எந்த நாடானாலும் இதே கதை. சலோ தன் கதையை எடுப்பது அபூர்வம். ஓட்டுநர் தலைக்கு மேல் இருக்கும் கேமரா படம் வரும்போது, ஸ்டியரிங்கில் விரல் எந்தத் திருகியைத் தொட்டது, அதனால் பிரேக் விசை முன்னுக்குப் போனதா பின்னுக்குப் போனதா, பாதுகாப்புக் காருக்குப் பின்னால் மெதுவாகப் போகையில் டயர் ஏன் குளிர்கிறது, மறுதொடக்கத்தில் யார் மாட்டப்போகிறார் என்று சொல்லுவார். தவறு செய்தவர் பின்லாந்துக்காரர் என்றாலும் தவறு என்றே சொல்லுவார். ரைக்கோனெனுக்கும் வால்ட்டெரி பொட்டாஸுக்கும் ஊரே வக்காலத்து வாங்கிக்கொண்டிருந்த நேரத்தில் அதற்குக் கொஞ்சம் நெஞ்சுரம் வேண்டும். அணி உத்தரவு பற்றிய விவாதம் வந்தால் அவர் முகத்தை நான் உற்றுப் பார்ப்பேன். ஒன்றும் தெரியாது. அது அணியின் முடிவு என்ற அளவில் பேசிவிட்டு அடுத்ததற்குப் போய்விடுவார்.

இந்த வாழ்க்கையில் எனக்கு முழு உடன்பாடு இல்லாத ஒரு பகுதியும் உண்டு. 2010 முதல் ஒவ்வொரு பந்தயத்திலும் நடுவர் குழுவில் ஒரு முன்னாள் ஓட்டுநரை, கார் பந்தயங்களை ஆளும் சர்வதேச அமைப்பான எஃப்ஐஏ சேர்க்கத் தொடங்கியது. சலோ பல பந்தயங்களில் அந்த இடத்தில் உட்கார்ந்தார். 2020 செப்டம்பரில் ரஷ்யாவின் சோச்சியில், லூயிஸ் ஹாமில்டன் பந்தயத்துக்கு முன் ஒத்திகைப் புறப்பாட்டைத் தவறான இடத்தில் இரண்டு முறை செய்தார் என்று 5 விநாடி வீதம் இரண்டு தண்டனை விழுந்தது. ஷூமாக்கரின் 91 வெற்றிச் சாதனையைத் தொட வந்த ஹாமில்டன் மூன்றாவதாக முடித்தார். ஜெயித்தவர் பொட்டாஸ். நடுவர் குழுவில் இருந்தவர் சலோ. பின்லாந்துக்காரர் பின்லாந்துக்காரருக்குச் செய்து கொடுத்தார் என்று இணையத்தில் கொதித்தார்கள். ஹாமில்டன் உரிமத்தில் சேர்த்த இரண்டு தண்டனைப் புள்ளிகளை அன்றே நீக்கி, மெர்சிடிஸ் அணிக்கு 25,000 யூரோ அபராதம் போட்டார்கள்.

அந்தச் சந்தேகம் எனக்குத் துளியும் இல்லை. தீர்ப்பு ஒருவர் கையில் இல்லை, குழுவாக எடுப்பது. விதியும் தெளிவாகத்தான் இருந்தது. ஆனால் டிவியில் நிபுணராகப் பேசுகிற ஒருவர் நடுவர் இருக்கையிலும் உட்காரக் கூடாது என்றே நினைக்கிறேன். நேர்மை இல்லை என்பதற்காக அல்ல. நேர்மையான ஆளைக்கூட அந்த ஏற்பாடு பேச்சுக்கு ஆளாக்கிவிடும். சலோவுக்கு நடந்தது அதுதான். கருத்துச் சொல்வது ஒரு வேலை, தீர்ப்புச் சொல்வது வேறு வேலை. இரண்டையும் ஒரே ஆளிடம் கொடுத்தது கொடுத்தவர்களின் பிழை.

எனக்கு ஓர் ஆசை உண்டு. 1997 மொனாக்கோ பந்தயத்தை முதல் சுற்றிலிருந்து கடைசிச் சுற்று வரை ஒரு மாலை முழுக்க டிவியில் ஓட விட்டு, பக்கத்தில் சாரியை உட்கார வைத்து, சலோவையே வர்ணிக்கச் சொல்ல வேண்டும். இத்தனை வருடம் அடுத்தவர்களின் டயரைப் பற்றிச் சொன்னவர், தன் டயர் 40-ஆவது சுற்றில் எப்படி இருந்தது, அணி உள்ளே கூப்பிடாதபோது என்ன நினைத்தார், பின்னால் ஃபிசிகெல்லா வந்தபோது எந்த வளைவில் காரை எங்கே நிறுத்தினார் என்று சொல்ல வேண்டும். யாராவது ஒளிபரப்பினால் பக்கத்து வீட்டுப் பெரியவரையும் கூப்பிட்டு உட்கார வைத்துப் பார்ப்பேன். ஹாக்கினென் அன்று முதல் சுற்றுகளிலேயே வெளியேறிவிட்டார் என்பதால் அவருக்கும் பக்கச் சார்பு வர வாய்ப்பில்லை.